சாகும் காட்சிக்கு முன் சாப்பிடாதவர்

மதியம் பன்னிரண்டு பத்துக்கு எல்லாம் பிசகத் தொடங்கியது. அப்போது எங்களில் ஒருவருக்கும் அது தெரியவில்லை. முதல் உதவி இயக்குநர் டேரன் தேநீர்க் கோப்பையோடு வந்து, எனக்குப் பக்கத்துக் கதிரையில் இருந்த முதியவரிடம், "லைட்டில் ஒரு பிரச்சினை. உங்கள் காட்சி சாப்பாட்டுக்குப் பிறகுதான்" என்றார். நான் அதை ரஷ்ய மொழியில் சொன்னேன். "பரவாயில்லை, காத்திருக்கிறேன்" என்றார் முதியவர். நான் அதை ஆங்கிலத்தில் சொன்னேன். டேரன் போய்விட்டார். என் வேலை அவ்வளவுதான்.

அந்த நேரத்தில் முதியவருடைய உடம்பில் காலையில் போட்ட இன்சுலின் ஓடிக்கொண்டிருந்தது. வயிற்றில் ஒன்றும் இல்லை. இவை இரண்டும் அவர் ஒருவருக்கு மட்டுமே தெரியும்.

மொழிபெயர்ப்பாளர் வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் நீங்கள், என் அனுபவத்தில் உதவக்கூடியது எதையாவது எழுதித் தரும்படி கேட்டிருந்தீர்கள். குறிப்பெடுப்பது எப்படி, எங்கே நிற்பது, எந்தச் சொல்லுக்கு எந்தச் சொல் என்பதையெல்லாம் வகுப்பில் சொல்லித் தருவார்கள். நான் ஒரு நாளைப் பற்றி மட்டும் எழுதுகிறேன். போன இலையுதிர்காலத்தில் ஒரு படப்பிடிப்பில் நடந்தது. அந்தப் படத்தோடு நான் வேலையை விட்டுவிட்டேன். ஐம்பத்தேழு ஓய்வெடுக்கிற வயதா என்று வீட்டில் கேட்கிறார்கள். யாராவது தொலைக்காட்சியில் தள்ளாடி நடந்தால் எழும்பிப் போய்க் குசினிக்குள் நிற்கிறேன். இப்படிப்பட்டவள் இன்னொருவருக்காக வாய் திறக்க ஏலாது.

ரஷ்ய மொழி எனக்கு எப்படி வந்தது என்று பலரும் கேட்பார்கள். எண்பதுகளின் கடைசியில் புலமைப்பரிசில் கிடைத்து யாழ்ப்பாணத்திலிருந்து மொஸ்கோவுக்குப் படிக்கப் போனவர்களில் நானும் ஒருத்தி. இரசாயனம் படித்தேன். லண்டனுக்கு வந்தபோது இரசாயனம் சோறு போடவில்லை, மொழிதான் போட்டது. ஆஸ்பத்திரிகளிலும் கோர்ட்டுகளிலும் தமிழ். எப்போதாவது நாடகம், சினிமா என்றால் ரஷ்யன்.

முதியவரின் பெயர் தீகோன் மத்வேயிச். ரஷ்யர்கள் மரியாதையாக அழைப்பதென்றால் சொந்தப் பெயரையும் தகப்பன் பெயரையும் சேர்த்துச் சொல்வார்கள். தகப்பன் பெயரை நாங்கள் முன்னுக்குப் போடுகிறோம், அவர்கள் பின்னுக்குப் போடுகிறார்கள், வேறு வித்தியாசம் இல்லை. முதல் நாளே அவர் என் தகப்பனாரின் பெயரைக் கேட்டார். கனகசபை என்றேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, "ராஜேஸ்வரி கனகசபாயெவ்னா" என்று ஒரு பெரிய அரசியை அழைப்பதுபோல எழுந்து நின்று அழைத்தார். அதன்பிறகு ஒருநாளும் அதைச் சுருக்கவில்லை.

நீங்கள் அவரைக் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். ரஷ்யாவிலும் அநேகம் பேர் கேள்விப்பட்டதில்லை. வோல்கா ஆற்றங்கரையில் ஒரு சிறிய நகரத்து நாடகக் குழுவில் தொடங்கி, அங்கிருந்து சினிமாவுக்கு வந்தவர். தபால்காரன், வாசற்காவலன், மூன்றாவது வைத்தியர், ஜெர்மன் அதிகாரி, கல்யாண வீட்டில் குடித்துவிட்டு விழுகிற மாமா. சுவரொட்டியில் பெயர் வந்ததே இல்லை. மனைவி இறந்த பிறகு, நாடகமொன்றுக்காக லண்டன் வந்தவர் இங்கேயே தங்கிவிட்டார். இங்கேயும் அதே கதைதான். ஆங்கிலத் தொடர்களில் ரஷ்யக் கொலைகாரன் ஒருவன் வருவான் அல்லவா? அவனுக்குப் பக்கத்தில் பேசாமல் நிற்கிற மற்ற ரஷ்யன் இவர். பஸ்ஸுக்கும் கடைக்கும் போதுமான ஆங்கிலம் அவரிடம் இருந்தது. ஒரு காட்சியைப் பற்றிப் பேச அது போதாது. அதற்குத்தான் நான்.

இந்தப் படத்தில் அவருக்குக் கிடைத்தது, அவர் சொன்னபடி, வாழ்க்கையிலேயே பெரிய வேஷம். பழைய காலத்து ரஷ்யாவில் ஒரு ரயில் நிலைய உணவுச்சாலை. ரயில் கடவையில் கேற்றை மூடித் திறக்கிற ஒரு கிழட்டுக் கேற்காவலன் குடித்துவிட்டு உள்ளே வந்து, சுவரோடு சாய்ந்து, இறந்துபோன மனைவியைப் பற்றிப் புலம்பி, மெல்லச் சரிந்து செத்துப்போகிறான். சுற்றியிருந்து சாப்பிடுகிறவர்களில் ஒருவரும் திரும்பிப் பார்ப்பதில்லை. காட்சி அவ்வளவுதான். லண்டன் தோர்ண்டன் ஹீத்தில் மூடிக் கிடந்த ஒரு பப்பை அந்த உணவுச்சாலையாக மாற்றியிருந்தார்கள்.

எங்கள் இரண்டு பேரையும் தினமும் காலையில் ஏற்றிக்கொண்டு வந்தவர் சிவா. பாரிசில் நெடுங்காலம் இருந்துவிட்டு லண்டன் வந்தவர். படக் கம்பனிகளுக்குக் கார் ஓட்டுவது தொழில், வாய் ஓயாது. அன்று காலையும் கண்ணாடியில் பின்னால் பார்த்து, "அக்கா, இண்டைக்கோ மனிசன் சாகிறது?" என்று கேட்டார்.

"ஓம், இண்டைக்குத்தான்."

"போன படத்திலயும் செத்தவர் எண்டு சொன்னவர். இப்பிடிச் செத்துச் செத்து உழைச்சு எத்தினை காலம் சீவிக்கிறது!"

என்ன சொல்கிறார் என்று தீகோன் மத்வேயிச் கேட்டார். மொழிபெயர்த்தேன். கார் குலுங்கச் சிரித்தார். "அவருக்குச் சொல்லுங்கள்: எங்களைப் போன்றவர்கள் உயிரோடு இருக்கும்வரை கூட்டத்தோடு நிற்போம். சாகும்போதுதான் கமரா கிட்ட வரும்."

"அப்ப வடிவாச் சாகச் சொல்லுங்கோ" என்றார் சிவா. இதையும் மொழிபெயர்த்தேன்.

அந்தப் பயணங்களில் அவர் தன் தொழிலைப் பற்றி எனக்கு நிறையச் சொல்லியிருந்தார். குடிகாரனை நடிக்கிறவர்கள் எல்லோரும் ஒரே பிழையைத்தான் செய்கிறார்கள் என்பார். அவர்கள் தள்ளாட முயற்சி செய்கிறார்கள். உண்மையான குடிகாரன் தள்ளாடாமல் இருக்கத்தான் முயற்சி செய்கிறான். அதனால் அவர் தன் கேற்காவலனுக்கு ஒரு பழக்கம் வைத்திருந்தார். மேற்சட்டையின் மேல் பொத்தானைத் தேடித் தேடிப் பூட்டுவான். நிதானமாக இருக்கிறேன் பார் என்று உலகத்துக்குக் காட்டுவதற்கு. ஒத்திகை ஒவ்வொன்றிலும் அந்த விரல்கள் பொத்தானைத் தேடும்போது என்னை அறியாமல் என் கையும் என் கோட்டுப் பொத்தானுக்குப் போகும்.

இன்னொன்றும் சொல்லியிருந்தார். அவருடைய முதல் நாடகக் குழுவில் ஒரு வழக்கம் இருந்ததாம். மேடையில் சாகிறவன் செத்து முடியும்வரை சாப்பிடக் கூடாது. திரைக்குப் பின்னால் அவனுக்கென்று ஒரு தட்டு மூடி வைத்திருப்பார்கள். செத்த கையோடு வந்து அவன் அதைச் சாப்பிட வேண்டும், மற்றவர்கள் கை தட்ட வேண்டும். இத்தனை வருடத்தில் ஒருமுறையும் அதை மீறியதில்லை என்றார். நான் அதை ஒரு சுவையான கதையாகத்தான் கேட்டேன்.

அன்று அவர் காட்சி காலை பத்து மணிக்கு என்று இருந்தது. அது ஒன்றரைக்குப் போனது, பிறகு இரண்டுக்குப் போனது. எல்லோரும் சாப்பிட்டார்கள். சிவா பக்கத்துத் தமிழ்க் கடையில் சூடாக மட்டன் றோல்ஸ் வாங்கி வந்து நீட்டினார். முதியவர் மணத்தை இழுத்து முகர்ந்துவிட்டு, கையெடுத்துக் கும்பிடுவதுபோலச் செய்து வேண்டாம் என்றார். "செத்த பிறகு" என்றார்.

இனி என் பயத்தைப் பற்றி எழுத வேண்டும். அதைச் சொல்லாமல் மீதி விளங்காது.

என் மகள் ஆரணிக்கு ஒன்பது வயதிலேயே சீனி வருத்தம் வந்தது. அன்றிலிருந்து இன்சுலின். அந்த வருத்தத்தில் சீனி கூடுவதைவிடத் திடீரென்று குறைவதுதான் பயங்கரம். அவளுக்கு முதலில் மேலுதட்டில் வியர்க்கும். பிறகு காரணமில்லாத கோபம் வரும். பிறகு சொற்கள் குழையும், கால் தடுமாறும். கவனிக்காவிட்டால் மயக்கம், வலிப்பு, அதற்கும் மேலே. என் கைப்பையில் எப்போதும் ஒரு ஜூஸ் பெட்டி, விரலில் குத்திப் பார்க்கிற சிறிய மீட்டர், மயங்கினால் போடுகிற ஊசி இருக்கும் செம்மஞ்சள் பெட்டி மூன்றும் இருந்தன. அவள் செப்டம்பரில் மான்செஸ்டருக்குப் படிக்கப் போன பிறகும் அவற்றை நான் வெளியே எடுக்கவில்லை.

அவளுடைய கையில் ஒட்டியிருக்கிற சென்சர் காட்டுகிற எண் என் போனுக்கும் வரும்படி வைத்திருந்தோம். படப்பிடிப்புக்கு முந்திய கிழமை அவள் அதை நிறுத்திவிட்டாள். "அம்மா, நீங்கள் என்னைப் பாக்கேல்ல, போனைத்தான் பாக்கிறீங்கள்" என்றாள். "றோட்டில போற எல்லாரையும் எனக்கு வருத்தம் வந்தமாதிரியே பாக்கிறீங்கள். ஏலாது அம்மா. ப்ளீஸ்."

அவள் சொன்னது உண்மை. தெரியாத ஊரில், சனிக்கிழமை பின்னேரத்தில், ஒரு பெண்பிள்ளை தள்ளாடிச் சுவரைப் பிடித்தால் குடித்திருக்கிறாள் என்றுதான் எல்லோரும் விலகிப் போவார்கள். அந்த நினைப்பு என்னை விடவில்லை. பஸ்ஸில் ஒருவர் கண்ணை மூடினால் மேலுதட்டைப் பார்த்தேன். இப்படியான மனநிலையில்தான் அன்று நான் கமராவுக்குப் பக்கத்தில் நின்றேன். என் கண்ணை நானே நம்பாத நிலையில்.

முதல் டேக் ஒழுங்காக நடந்தது. கேற்காவலன் உள்ளே வந்தான், பொத்தானைத் தேடினான், வசனம் பேசினான், சரிந்தான். மேசைகளில் இருந்த துணை நடிகர்களுக்குத் திரும்பிப் பார்க்கவே கூடாது என்று கண்டிப்பான கட்டளை. அவர்கள் பார்க்கவில்லை. இயக்குநர், முப்பது வயது தாண்டிய ஓர் ஆங்கிலப் பெண், "அருமை. இன்னுமொரு தடவை" என்றார்.

ஒப்பனைக்காரப் பெண் தண்ணீர் தெளிக்கிற போத்தலோடு ஓடி வந்தாள். குடிகாரனின் முகத்துக்குப் பொய் வியர்வை அடிப்பது அவளுடைய வேலை. கிட்ட வந்தவள் நின்றாள். "யாராவது ஏற்கனவே அடித்துவிட்டீர்களா?" என்று கேட்டாள். ஒருவரும் அடிக்கவில்லை. "அந்தச் சட்டை பயங்கரத் தடிப்பு, பாவம்" என்று சொல்லிக்கொண்டு போய்விட்டாள்.

சத்தம் பதிவாகும் என்று ஹீட்டர்களை நிறுத்தியிருந்தார்கள். அந்த அறையில் எனக்கு மூச்சு ஆவியாக வெளியே வந்துகொண்டிருந்தது. நான் அவருக்குக் கிட்டப் போனேன். மேலுதட்டில் மணி மணியாக வியர்வை.

"தீகோன் மத்வேயிச், உடம்பு சரியாக இருக்கிறதா?"

"எனக்கு என்ன?" என்று சீறினார். ஒருநாளும் என்னிடம் அப்படிப் பேசாதவர். "நன்றாக இருக்கிறேன் என்று சொல்."

டேரன் வந்துவிட்டார். "ஏதாவது பிரச்சினையா? அவருக்குச் சரிதானே?"

இங்கேதான் நீங்கள் நின்று யோசிக்க வேண்டும். நாங்கள் எல்லோரும் படித்த விதி ஒன்றுதான். எங்கள் வாயில் எங்கள் சொல் இருக்கக் கூடாது. அவர் "நான்" என்றால் நாமும் "நான்" என்போம். அதற்கு நியாயம் இருக்கிறது. நான் தொழிலுக்கு வந்த புதிதில், ஃபாரஸ்ட் கேட்டில் ஒரு கிளினிக்கில், எனக்கு முன்னால் போன மொழிபெயர்ப்பாளர் ஒருவர் வைத்தியரிடம், "இந்த அம்மா எதையும் பெரிதாக்கித்தான் சொல்லுவா" என்று தன் பங்குக்கு ஒரு வார்த்தை சேர்த்தார். வைத்தியர் சிரித்துவிட்டு வலிக்கு மாத்திரை எழுதிக் கொடுத்தார். அந்த அம்மாவுக்குக் குடல்வால் வெடித்திருந்தது. எங்களுக்குப் பயிற்சி தந்த பெண்மணி இந்தக் கதையை ஒவ்வொரு வகுப்பிலும் சொல்வார். "உங்கட அபிப்பிராயம் உங்களோட வீட்டுக்குப் போகட்டும்" என்பார்.

ஆகவே நான் டேரனிடம் சொன்னேன்: "நான் நன்றாக இருக்கிறேன்."

சரியான மொழிபெயர்ப்பு.  ஒரு பக்கம் விதி. இன்னொரு பக்கம் என் மகளின் குரல், எல்லாரையும் என்னைமாதிரிப் பாக்கிறீங்கள் என்று. அவருக்குச் சீனி வருத்தம் இருப்பதாக யாரும் சொன்னதில்லை. படம் தொடங்கும்போது பூரண சுகம் என்றுதான் சொல்லியிருந்தார். நான் கத்தி, ஒன்றும் இல்லையென்றால்? அவருடைய வாழ்நாளின் ஒரே பெரிய காட்சியைப் பயந்த ஒரு தாய் கெடுத்ததாக முடியும். டேக் ஓடும்போது இயக்குநரைத் தவிர வேறு யாரும் "கட்" சொல்லக் கூடாது என்பது சினிமாவில் எழுதாத சட்டம். மொழிபெயர்ப்பாளர் சொன்னதாக நான் கேள்விப்பட்டதே இல்லை.

மருத்துவ உதவியாளர் இருந்தால் அவரிடம் காதோடு சொல்லியிருப்பேன். காலையில் கையை வெட்டிக்கொண்ட ஒரு தச்சரோடு அவர் ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தார்.

இரண்டாவது டேக் தொடங்கியது.

கேற்காவலன் உள்ளே வந்தான். கால் வாசற்படியில் தட்டியது. எனக்குப் பின்னால் யாரோ மெல்ல, "கடவுளே, என்ன நடிப்பு" என்றார்கள். அவர் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார். நான் அவருடைய விரல்களை மட்டும் பார்த்தேன். பொத்தான் திறந்தே கிடந்தது. விரல்கள் அதைத் தேடவில்லை. மேற்சட்டை தோளிலிருந்து நழுவியது, அதையும் பிடிக்கவில்லை. நிதானமாக இருப்பதாகக் காட்டுகிற முயற்சி எங்கேயும் இல்லை.

இயக்குநர் திரைக்கு முன்னால் குனிந்து, வாயில் கை வைத்தபடி பார்த்துக்கொண்டிருந்தார். கண் கலங்கியிருந்தது. கமரா இன்னும் கிட்டப் போனது.

பிறகு அவர் பேசினார். வசனம் ரஷ்ய மொழியில். அந்தத் தளத்தில் என்னைத் தவிர ஒருவருக்கும் ரஷ்யன் தெரியாது. இறந்துபோன மனைவியைப் பற்றி அவர் பேச வேண்டும். குழைந்த குரலில் அவர் சொன்னது: "பஸ் போய்விட்டது. கார்டு எங்கே? என்னுடைய பஸ் கார்டு. பஸ் போய்விட்டது. இவர்கள் ஏன் கதவைத் திறக்கிறார்கள் இல்லை?"

பழைய காலத்து ரஷ்யக் கேற்காவலனிடம் லண்டன் பஸ் கார்டு கிடையாது.

"கட்!" என்று நான் கத்தினேன்.

அந்தச் சத்தம் என்னிடமிருந்துதான் வந்தது என்று உணரவே எனக்குக் கொஞ்ச நேரம் எடுத்தது.  துணை நடிகர்கள் அப்போதும் திரும்பவில்லை. கட்டளை அப்படி. ஒருவர் முள்ளுக்கரண்டியை வாய்க்குக் கிட்டப் பிடித்தபடியே இருந்தார். அவர்களுக்குப் பின்னால் தீகோன் மத்வேயிச் சுவரோடு சரிந்து, ஒத்திகையில் சரிந்த அதே இடத்தில், நிலத்தில் இருந்தார்.

"யார் அது?" என்றார் டேரன். "யார் கட் சொன்னது?"

"நான். இது நடிப்பு இல்லை. ஆம்புலன்ஸைக் கூப்பிடுங்கள்."

"அவர் சொன்னாரா?"

"அவர் சொல்லவில்லை. நான் சொல்கிறேன்."

இயக்குநர் எழுந்து நின்றார். "எனக்கு விளங்கவில்லை. அவரிடம் கேளுங்கள். சரிதானா என்று அவரிடமே கேளுங்கள்."

நான் கேட்கவில்லை. மேசைகளுக்கு இடையால் ஓடினேன். ஜூஸ் பெட்டியில் ஸ்ட்ரோவைக் குத்தி அவருடைய வாயில் வைத்தேன். கையால் தட்டிவிட்டார். திரும்ப வைத்தேன். பல்லை இறுக்கிக்கொண்டார். கடைவாயால் வழிந்தது. அதற்கு மேல் ஊற்றினால் புரையேறிவிடும் என்று தெரியும், விட்டுவிட்டேன். மீட்டரை எடுத்து அவருடைய விரலில் குத்தினேன். அந்த மீட்டர் வழக்கமாக ஓர் எண்ணைக் காட்டும். அன்று எண்ணைக் காட்டவில்லை. அளக்க முடியாத அளவுக்குக் குறைவு என்பதற்கு இரண்டு எழுத்து வரும், அதைக் காட்டியது. ஆரணிக்கு ஒருமுறைகூட அது வந்ததில்லை.

டேரனின் முகம் மாறியது. அவர் போனில் ஆம்புலன்ஸ் அழைப்பைப் போட்டு ஸ்பீக்கரில் வைத்தார். அந்தப் பக்கத்துப் பெண் கேட்டாள்: "அவர் நீரிழிவு நோயாளியா?"

"தெரியாது" என்றேன். என் வாழ்க்கையில் நான் சொன்ன மிகப் பயங்கரமான சொல் அதுதான்.

அப்போது வாசலில் சிவாவின் குரல். சத்தம் கேட்டு வந்தவர் என்ன நடந்தது என்று பார்த்த உடனே காருக்கு ஓடி, முதியவரின் சொந்தக் கோட்டைக் கொண்டுவந்திருந்தார். "அக்கா, இதுக்க என்னவோ பேனைமாதிரிக் கிடக்கு. என்ர மாமாவும் இதுதான் குத்துறவர்."

இன்சுலின் பேனா.

தீகோன் மத்வேயிச்சின் கண்கள் மேலே சொருகிவிட்டன. நான் செம்மஞ்சள் பெட்டியைத் திறந்தேன். அதற்குள் ஒரு சிறிய குப்பியில் தூள், ஊசியில் தண்ணீர். கலந்து போட வேண்டும். ஆரணிக்கு வருத்தம் கண்ட வருடம் தாதி ஒருவர் எனக்கு ஒரு தோடம்பழத்தில் குத்திப் பழக்கியிருந்தார். மனிதரில் குத்தியதில்லை. குப்பியின் வாயில் ஊசி நிற்கவில்லை. கை அப்படி ஆடியது.

"அக்கா, கையை என்னில ஊண்டுங்கோ" என்று சிவா தன் முன்கையைக் கொடுத்தார். "ஊண்டிக்கொண்டு செய்யுங்கோ. அவர் எங்கயும் போகார். என்னட்ட வாடகைக்கார்தான் இருக்கு, சவக்கார் இல்ல." அவருடைய கையும் ஆடிக்கொண்டுதான் இருந்தது. இரண்டு ஆடுகிற கைகள் சேர்ந்து எப்படியோ ஒன்றாக நின்றன. தொடையில், துணிக்கு மேலாலேயே குத்தினேன். சிவா அவரைப் பக்கவாட்டில் திருப்பிப் பிடித்தார்.

அதற்குப் பிறகு செய்ய ஒன்றும் இல்லை. அந்தக் காத்திருப்பைப் பற்றி எழுத முயற்சி செய்தேன், வரவில்லை. அவருடைய முகத்தில் எனக்கு வேறொரு முகம்தான் தெரிந்தது என்று மட்டும் சொல்கிறேன். துணை நடிகர்கள் மெல்ல மெல்லத் திரும்பத் தொடங்கியிருந்தார்கள்.

ஆம்புலன்ஸ்காரர்கள் வந்து நரம்பில் குளுக்கோஸ் ஏற்றினார்கள். ஏற்றிக்கொண்டிருக்கும்போதே அவர் ஓங்காளித்தார், பிறகு முனகினார். "நல்ல அறிகுறி" என்றார் அவர்களில் ஒருவர். நான் அந்த உணவுச்சாலையின் பொய்ச் சுவரில் சாய்ந்து நின்று அழுதேன்.

பின்னேரம் ஆஸ்பத்திரியில் அவர் தெளிவாகக் கண் விழித்தார். இதுபோன்ற இடங்களில் நன்றி சொல்வார்கள் என்று நீங்கள் எதிர்பார்த்தால், அது கிடைக்காததற்கும் ஆயத்தமாக இருங்கள். அவர் கேட்ட முதல் கேள்வி: "எப்படி வந்தது?"

"எது?"

"காட்சி."

"நான் நிறுத்திவிட்டேன், தீகோன் மத்வேயிச். நான்தான் கட் சொன்னேன்."

போர்வையை மார்புவரைக்கும் இழுத்துக்கொண்டார். பிறகு சொன்னார்: "இருபது வருடமாக இந்த வருத்தத்தை ஒளித்து வைத்திருக்கிறேன். தெரிந்தால் கிழவனுக்கு எந்தக் கம்பனி வேஷம் கொடுக்கும்? கம்பளிச் சட்டையைப் போட்டுவிட்டு வீட்டில் இரு என்பார்கள். நீங்கள் எல்லோருக்கும் முன்னால் அதை உரித்துப் போட்டுவிட்டீர்கள், ராஜேஸ்வரி கனகசபாயெவ்னா." அப்படிச் சொல்லிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தார்.

நான் வெளியே வந்து ஆரணிக்குப் போன் அடித்தேன். அவள் எடுக்கவில்லை. திரும்ப அடித்தேன். கடைசியில் ஒரு குறுஞ்செய்தி வந்தது: "லெக்சரில இருக்கிறன் அம்மா. உயிரோடதான் இருக்கிறன். சில் பண்ணுங்கோ." சிவாவிடம் காட்டினேன். "பிள்ளை வாய் காட்டுதெண்டா சுகமாய் இருக்கெண்டுதான் அர்த்தம்" என்றார்.

எங்களுக்கு அதன்பிறகு இருந்த பயம் ஒன்றுதான். கம்பனி அவரை நீக்கிவிடும். இனி யாரும் கூப்பிட மாட்டார்கள். டேரன் இரண்டு தரம் போனில் சுகம் கேட்டார், காட்சியைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. சிவா முதியவருக்குச் சாப்பிட ஏதாவது வாங்கி வரப் போனார். நான் கட்டிலுக்குப் பக்கத்தில் அந்த முதுகைப் பார்த்துக்கொண்டு இருந்தேன்.

அப்போதுதான் இயக்குநர் வந்தார். தனியாக, மழையில் நனைந்து, தளத்தில் போட்டிருந்த அதே சட்டையோடு. கட்டிலின் மற்றப் பக்கத்தில் நின்றார். என்னைப் பார்த்துப் பேசாமல், நல்ல வாடிக்கையாளர்கள் செய்வதுபோல, அவரைப் பார்த்தே பேசினார்.

"மன்னிக்க வேண்டும். நான் கவனித்திருக்க வேண்டும். கேட்கவே வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் கேட்கிறேன். அந்த இரண்டாவது டேக் எங்களிடம் இருக்கிறது. நான் எடுத்ததில் அதைவிட உண்மையான காட்சி எதுவும் இல்லை. நீங்கள் சம்மதித்தால் படத்தில் அதையே வைப்பேன். சம்மதிக்காவிட்டால் அழித்துவிடுவேன்."

நான் மொழிபெயர்த்தேன். என் அபிப்பிராயம் தொண்டை வரைக்கும் வந்தது. அதை விழுங்கினேன். இந்தமுறை அவர் தெளிவாக இருந்தார். பதில் அவருடையது.

தீகோன் மத்வேயிச் மெல்ல எழும்பி இருந்தார். தலைமயிரைக் கையால் கோதிக்கொண்டார்.

"அதில் நடித்தது நான் இல்லை" என்றார். "அதில் ஒரு நோயாளி விழுகிறான். விழுவதற்கு என் தேவை இல்லை, தெருவில் போகிற யாரும் விழலாம். நான் ஐம்பது வருடம் இந்தத் தொழில் செய்திருக்கிறேன். அந்த மனிதன் எப்படிச் சாகிறான் என்று எனக்குத் தெரியும். அதை உங்களுக்கு நான் இன்னும் காட்டவில்லை."

நான் அதை "நான்" என்றே சொன்னேன்.

இயக்குநர் ஈரக் கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். பிறகு, என்னிடமே பேசுவதற்காக, என் பக்கம் திரும்பினார்.

"அப்படியென்றால் அவர் எழும்பி வரட்டும், திரும்ப எடுப்போம்" என்றார். "ஆனால் நீங்கள் எனக்குப் பக்கத்தில் நிற்க வேண்டும். கட் சொல்வதும் நீங்கள்தான். இங்கே வருவதற்கு முன் அந்த டேக்கைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். எந்த இடத்தில் அவர் நடிப்பதை நிறுத்தினார் என்று எனக்கு இன்னும் தெரியவில்லை."